கூழாங்கல்லின் மெய்ப்பெயர்

இல்லாத நாடுகளின் தத்துவ வரலாறு – 11

ரோக் தீவுப் பள்ளியில் ஒரு பையன் உள்ளங்கையில் கூழாங்கல்லை வைத்துக்கொண்டு நிற்கிறான். சற்றுமுன் ஆசிரியர் அதை வைரமாக்கிக் காட்டியிருந்தார். ஆனால் அது வெறும் கண்கட்டு. ஒரு சொல் சொன்னதும் பழையபடி கல்லாகிவிட்டது. பையனுக்கு மனம் ஆறவில்லை. வைரம் வைரமாகவே நிலைக்க வழியுண்டா என்று கேட்கிறான். உண்டு என்கிறார் ஆசிரியர். அவர் மழுப்பவில்லை. இந்தக் கல்லுக்கு ஆதிமொழியில் 'டோல்க்' என்று பெயர்; இதை நிஜமாகவே வைரமாக்க வேண்டுமென்றால் அந்தப் பெயரை மாற்றவேண்டும்; இத்தனை சிறிய கல்லின் பெயரை மாற்றினாலும் உலகத்தை மாற்றியதாகத்தான் அர்த்தம். மாற்றினால் என்னென்ன நல்லதும் கெட்டதும் தொடர்ந்து வரும் என்று தெரியாதவரை ஒரு மணலையும் தொடாதே என்று சொல்லிவிட்டு, கல்லாக இருப்பதும் நல்லதுதானே என்ற பொருளில் ஒரு வார்த்தை சொல்லி, கல்லை அவன் கையிலேயே கொடுத்துவிட்டுப் போகிறார்.

பையனின் பெயர் கெட். அவன் நிற்பது எர்த்ஸீ என்ற தீவுக்கூட்டத்தில். அந்தத் தீவுகளைப் படைத்தவர் அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா கே. லெ குவின், மேலே சொன்ன காட்சி இடம்பெறும் நாவல் 'எ விசர்ட் ஆஃப் எர்த்ஸீ', 1968-இல் வெளிவந்தது.

இந்தத் தொடரில் நாம் கடந்து வந்த கற்பனை நாடுகளில் பெரும்பாலானவை பிறந்த அன்று எப்படி இருந்தனவோ அப்படியே நின்றுவிட்டவை. தாமஸ் மோர் 1516-இல் எழுதிய உடோப்பியாவுக்கு ஒரே ஒரு வடிவம்தான். அதன் சட்டங்களை மோர் திரும்பிவந்து திருத்தவில்லை. எர்த்ஸீயின் கதை வேறு. முதல் சிறுகதைகள் 1964-இல் வந்தன. கடைசிக் கதை 2018-இல், எழுதியவர் இறந்த சில மாதங்களுக்குப் பிறகு அச்சேறியது. இந்த ஐம்பத்து நான்கு ஆண்டுகளில் அந்தத் தீவுகளின் சிந்தனைக்கு ஆசிரியர்கள், பள்ளி, பாடம், விலக்கப்பட்டவர்கள், எதிர்க்குரல்கள், தன் தவற்றைத் தானே கண்டுபிடித்த ஒரு முதுமை என்று எல்லாம் வந்து சேர்ந்தன. ஒரு சிந்தனை மரபுக்கு வரலாறு இருக்கிறது என்று சொல்ல இதற்கு மேல் என்ன வேண்டும்? ஆகவே இந்த அத்தியாயத்தைக் கொஞ்சம் நிதானமாகவே எழுதப்போகிறேன்.

கதைக்கு முன்னால் ஒரு வீடு இருக்கிறது. கலிஃபோர்னியாவின் பெர்க்லி நகரம். உர்சுலா 1929 அக்டோபர் 21-ஆம் தேதி அங்கே பிறந்தார். தந்தை ஆல்ஃபிரெட் குரோபர், அமெரிக்க மானுடவியலின் முன்னோடிகளில் ஒருவர். ஃப்ரான்ஸ் போவாஸிடம் படித்து 1901-இல் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றவர். கலிஃபோர்னியாவின் பழங்குடிகளிடம் உட்கார்ந்து, அழிந்துகொண்டிருந்த அவர்களுடைய மொழிகளின் சொற்களைப் பட்டியல் பட்டியலாக எழுதி வைத்ததில் அவர் ஆயுளில் பெரும்பகுதி போனது. தாய் தியோடரா, எழுத்தாளர்.

இந்த வீட்டோடு ஒட்டிய ஒரு சம்பவத்தை இங்கே சொல்லியாக வேண்டும். 1911 ஆகஸ்ட் மாதக் கடைசியில், கலிஃபோர்னியாவின் ஓரோவில் ஊருக்கு வெளியே இருந்த ஒரு கசாப்புக் கொட்டிலின் தொழுவத்தில், பசியில் ஒடுங்கிப்போன ஒரு மனிதரைக் கண்டார்கள். அவர் பேசிய மொழி அங்கே யாருக்கும் புரியவில்லை. ஊர்க் காவல் அதிகாரி அவரைச் சிறையறையில் வைத்தார். யாஹி என்ற பழங்குடியில் அவர் ஒருவர்தான் மிச்சம். மற்றவர்களை வெள்ளைக் குடியேறிகள் வேட்டையாடித் தீர்த்திருந்தார்கள். குரோபரின் சக ஆய்வாளர் வாட்டர்மேன் கையில் ஒரு சொற்பட்டியலோடு அங்கே போனார். யாஹியின் உறவுமொழிகளில் சேகரித்த சொற்கள் அவை. கட்டிலருகே உட்கார்ந்து ஒவ்வொன்றாக வாசித்தார். எதிரே இருந்தவர் முகத்தில் சலனமே இல்லை. கடைசியில் 'சிவினி' என்ற சொல் வந்தது. மஞ்சள் பைன் மரம் என்று பொருள். சொல்லிக்கொண்டே வாட்டர்மேன் கட்டிலின் சட்டத்தைத் தட்டிக் காட்டினார். அது பைன் மரச் சட்டம். அந்த மனிதரின் முகம் மலர்ந்தது. சிவினி, சிவினி என்று இருவரும் மாறி மாறி மரத்தைத் தட்டினார்கள்.

அவர் தன் சொந்தப் பெயரைக் கடைசிவரை யாரிடமும் சொல்லவில்லை. யாஹி வழக்கப்படி ஒருவர் தன் பெயரைத் தானே சொல்லக்கூடாது. இன்னொரு யாஹிதான் அறிமுகப்படுத்த வேண்டும். அறிமுகப்படுத்த உலகில் ஆள் இல்லை. அதனால் குரோபர் அவருக்கு 'இஷி' என்று பெயர் வைத்தார். அவர்கள் மொழியில் 'மனிதன்' என்று அர்த்தம். சான் ஃபிரான்சிஸ்கோவில் ஓர் அருங்காட்சியகத்தில் வாழ்ந்த இஷி 1916 மார்ச்சில் காசநோயால் இறந்தார். அவருடைய வாழ்க்கையைத் தியோடரா குரோபர் 1961-இல் நூலாக எழுதினார்.

மெய்ப்பெயரை மறைத்து வைக்கும் தீவுகளை உர்சுலா படைத்ததற்கு இஷிதான் காரணம் என்று சிலர் முடிச்சுப் போடுவதுண்டு. எனக்கு அவ்வளவு துணிச்சல் இல்லை. உர்சுலா பிறந்தபோது இஷி இறந்து பதின்மூன்று ஆண்டுகள் ஆகியிருந்தன. தந்தை வீட்டில் அவரைப் பற்றிப் பேசியதில்லை என்றும், தாய் நூலுக்கான வேலையைத் தொடங்கிய பிறகே தனக்குத் தெரியவந்தது என்றும் அவரே சொல்லியிருக்கிறார். ஆனால் ஒன்றை மட்டும் தயங்காமல் சொல்வேன். ஒரு சொல்லைச் சரியாகச் சொன்னதும் ஒரு மனிதனுக்கு உலகம் திரும்பக் கிடைக்கிறது என்பதை வேலையாகவே அறிந்திருந்த வீடு அது. பெயர்களின் பட்டியல் என்பது அங்கே உயிருள்ள பொருள்.

அதே வீட்டில் ஒரு மஞ்சள் புத்தகமும் இருந்தது. மஞ்சள் துணிக்கட்டு, மேலே நீலத்திலும் சிவப்பிலும் சீனச் சித்திரங்கள். பால் காரஸ் 1898-இல் பதிப்பித்த லாவோ ட்சுவின் 'தாவோ தே ஜிங்'. சீன மூலமும் சேர்ந்தே இருக்கும் பதிப்பு. சிறுமி உர்சுலா ஒருநாள் அப்பா அதைப் புரட்டிக் குறிப்பெடுப்பதைப் பார்த்து, என்ன செய்கிறீர்கள் என்று கேட்டாள். என் இறுதிச் சடங்கில் எந்தெந்த அத்தியாயங்களை வாசிக்க வேண்டும் என்று குறித்துக்கொண்டிருக்கிறேன் என்றார் அப்பா. 1960-இல் அவர் இறந்தபோது, அவர் குறித்த அத்தியாயங்களை நினைவுக்கூட்டத்தில் வாசித்தார்கள்.

சாவைப் பற்றி இவ்வளவு இயல்பாகப் பேசிய தகப்பனை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். கடைசிவரை இந்த மஞ்சள் புத்தகமும் கூடவே வரும்.

எர்த்ஸீ எழுத்தில் வந்த விதத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1964-இல் இரண்டு சிறுகதைகள் பத்திரிகையில் வந்தன. அவற்றில் ஒன்றின் தலைப்பே 'பெயர்களின் விதி' என்ற பொருள்படும். 1967-இல் பெர்க்லியின் பர்னாசஸ் பதிப்பகத்தின் ஹெர்மன் ஷைன், வளரும் வயதுப் பிள்ளைகளுக்கு ஒரு நாவல் எழுதித் தாருங்கள் என்று கேட்டார். மந்திரவாதி என்றால் எல்லாக் கதையிலும் வெள்ளைத் தாடிக் கிழவர்தானே, அவர் கிழவராவதற்கு முன் என்னவாக இருந்தார், வித்தையை எங்கே படித்தார் என்ற யோசனை உர்சுலாவுக்கு வந்தது. உட்கார்ந்து முதலில் வரைபடத்தை வரைந்தார். பிறகு கதை எழுதினார். நாயகனுக்குச் செம்பு நிற மேனி, அவனுடைய உயிர்த்தோழன் வெட்ச் கறுப்பன், கொள்ளையடிக்க வருகிறவர்கள்தான் வெள்ளையர்கள். 1968-இல் அமெரிக்கப் பிள்ளைகளுக்கான புத்தகத்தில் இதைச் செய்தார் என்பதை இன்று எளிதாகக் கடந்துவிடுகிறோம்.

இனி பாடத்துக்கு வருவோம்.

எர்த்ஸீயில் ஒவ்வொரு பொருளுக்கும் இரண்டு பெயர்கள். ஊரார் கூப்பிடும் பெயர் ஒன்று. உலகத்தை உண்டாக்கிய ஆதிமொழியில் உள்ள மெய்ப்பெயர் இன்னொன்று. மெய்ப்பெயரை அறிந்தவனுக்கு அந்தப் பொருள் கட்டுப்படும். அதனால் மனிதர்கள் தம் மெய்ப்பெயரை மிக நெருங்கியவர்களிடம் மட்டும்தான் சொல்வார்கள். பெயரைச் சொல்வது தன்னையே ஒப்படைப்பதற்குச் சமம்.

இதை ஒரு மந்திரத் தந்திரமாக மட்டும் படித்துவிட்டுப் போகிறவர்கள் உண்டு. அவர்கள் ரோக் பள்ளியின் தனிமைக் கோபுரத்தில் நடக்கும் பாடத்தைத் தவறவிட்டவர்கள். அங்கே குர்ரெம்கார்மெருக் என்ற ஆசிரியர் பிள்ளைகளுக்குப் பெயர்ப் பட்டியல்களைக் கொடுக்கிறார். நள்ளிரவில் மை மறைந்துவிடும். அதற்குள் மனப்பாடம் செய்தாக வேண்டும். ஏதோ ஒரு சிறு தீவின் கரையில் உள்ள ஒவ்வொரு முனைக்கும் விரிகுடாவுக்கும் பாறைக்கும் உரிய பெயர். பையன்கள் அலுத்துப்போகிறார்கள். ஆனால் ஆசிரியர் அங்கே சொல்லித்தருவது அதிகாரத்தின் எல்லையை. கடல் முழுவதையும் ஒரு மந்திரவாதி அடக்க வேண்டுமென்றால், 'கடல்' என்ற ஒரே சொல் போதாது. அதன் ஒவ்வொரு கூறுக்கும் உள்ள பெயரை அறிந்திருக்க வேண்டும். அது யாராலும் ஆகாது. அதனால்தான் ஒரு மந்திரவாதியின் கை, அவன் பக்கத்தில் இருப்பதையும் அவன் துல்லியமாக அறிந்ததையும் தாண்டிப் போவதில்லை. அப்படி ஓர் எல்லை இல்லாமல் போயிருந்தால், அதிகார வெறி கொண்டவனோ, நல்லதே செய்கிறேன் என்று நம்பியவனோ எப்போதோ உலகத்தைக் கெடுத்திருப்பான். அறிவு எவ்வளவோ அவ்வளவுதான் ஆற்றல். இந்த ஏற்பாட்டைவிடக் கண்ணியமான ஒன்றை நான் எந்தக் கற்பனை உலகத்திலும் பார்த்ததில்லை.

சமநிலை என்ற கோட்பாடு இந்த மண்ணில்தான் முளைக்கிறது. ஓரிடத்தில் மந்திரத்தால் மழையை வரவழைத்தால் இன்னொரு தீவு காயலாம். ஒரு செயல் தனியாக நிற்பதில்லை; அது எங்கோ எதையோ நகர்த்துகிறது. ஆகவே கட்டாயம் ஏற்பட்டால் ஒழியச் செய்யாதே. லாவோ ட்சுவைப் படித்தவர்களுக்கு இது எங்கிருந்து வந்தது என்று சொல்லத் தேவையில்லை.

கோட்பாட்டைவிட ஒரு காட்சி எனக்கு முக்கியம். கெட் ரோக் பள்ளிக்குப் போவதற்கு முன் கோன்ட் தீவில் ஓகியன் என்ற மௌனியிடம் சீடனாக இருந்தான். இந்த ஓகியன் ஒருமுறை நிலநடுக்கத்தையே அமைதிப்படுத்தியவர் என்று ஊர் பேசும். குருவும் சீடனும் மலைவழியே நடக்கிறார்கள். மழை பிடித்துக்கொள்கிறது. அந்த ஊர்களில் சில்லறை வித்தைக்காரன்கூட மழைமேகத்தைப் பக்கத்துக்குத் தள்ளிவிடுவான். அவன் தள்ளியதை இன்னொருவன் தள்ளுவான். மேகம் இப்படியே பந்துபோல் உருட்டப்பட்டுக் கடைசியில் கடலில் போய்க் கொட்டும். ஓகியன் எதுவும் செய்யவில்லை. அடர்ந்த ஒரு மரத்தடியைத் தேடிப் படுத்துக்கொண்டார். கெட் புதருக்குள் நனைந்துகொண்டே, இவ்வளவு சக்தி இருந்தும் பயன்படுத்தாவிட்டால் அந்தச் சக்தி எதற்கு என்று பொருமிக்கொண்டு கிடந்தான். மழை பெய்தது. அவ்வளவுதான் காட்சி. இன்னொரு நாள் ஒரு செடியைப் பார்த்து, இதனால் என்ன உபயோகம் என்று பையன் கேட்கிறான். எனக்குத் தெரிந்து ஒன்றும் இல்லை என்கிறார் குரு. அதன் வேரையும் இலையையும் பூவையும் எல்லாப் பருவத்திலும் பார்த்து அறிந்தால் அதன் மெய்ப்பெயரை அறியலாம், அது உபயோகத்தைவிடப் பெரிது என்ற பொருளில் சொல்லிவிட்டு, உன்னால்தான் என்ன உபயோகம், என்னால் என்ன உபயோகம் என்று கேட்கிறார்.

பையன் புரிந்துகொள்ளவில்லை. அந்த வயதில் எந்தப் பையன் புரிந்துகொள்வான்? பள்ளிக்குப் போனான், போட்டியில் இறங்கினான், தன்னைச் சீண்டிய மூத்த மாணவனுக்குத் தன் பலத்தைக் காட்ட, என்றோ இறந்துபோன ஓர் அரசியின் ஆவியை அழைத்தான். உலகத்தில் ஒரு கிழிசல் விழுந்தது. அதன் வழியே பெயரில்லாத ஒரு நிழல் வெளியே வந்து அவன்மீது பாய்ந்தது. கிழிசலைத் தைக்கத் தலைமை ஆசிரியர் நெம்மெர்லே தன் உயிரையே கொடுத்தார். அதற்குப் பிறகு நாவல் முழுக்க நிழல் துரத்துகிறது, கெட் ஓடுகிறான். கடைசியில் ஓகியனிடம் வந்து விழுகிறான். ஓடாதே, திரும்பு, நீ அதைத் துரத்து என்கிறார் அவர். கரையே இல்லாத கீழைக் கடலில் இருவரும் எதிரெதிரே நிற்கிறார்கள். கெட் நிழலைப் பார்த்து அதன் பெயரைச் சொல்கிறான். அதே கணத்தில் நிழலும் அவன் பெயரைச் சொல்கிறது. இரண்டும் ஒரே பெயர். போரோ படையெடுப்போ வெற்றியோ இல்லாமல் முடியும் வீரக்கதை அது.

இடையில் ஒரு சின்னக் காட்சி உண்டு, அதை விட மனம் வரவில்லை. படிப்பு முடிந்து வெளியேறும் மாணவன், வாயிற்காவலர் என்ற ஆசிரியரின் பெயரைச் சொல்லியாக வேண்டும். எந்த மந்திரத்தாலும் அதைப் பறிக்க முடியாது. கெட் நாளெல்லாம் யோசித்துவிட்டுக் கடைசியில் அவரிடமே போய், உங்கள் பெயர் என்ன என்று கேட்கிறான். அவர் சிரித்துக்கொண்டே சொல்லிவிடுகிறார்.

இதே ஆண்டுகளில் உர்சுலா வேறொரு கிரகத்துக்கு இன்னொரு மரபையும் உண்டாக்கிக்கொண்டிருந்தார். 1969-இல் வந்த 'தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னஸ்' நாவலில், அறியாமையைப் போற்றிக் காக்கும் ஹந்தாரா நெறி. எதிர்காலத்தைத் துல்லியமாகச் சொல்லும் கலையை அவர்கள் வளர்த்தெடுத்ததே, தவறான கேள்விக்குச் சரியான விடை கிடைத்தாலும் பயனில்லை என்று காட்டத்தான். அதற்குத் தனி அத்தியாயம் வேண்டும். வேறொரு வாரம் பார்ப்போம்.

1971-இல் இரண்டாவது நாவல், 'தி டூம்ஸ் ஆஃப் அட்டுவான்'. சின்னஞ்சிறு வயதில் வீட்டிலிருந்து பிடுங்கி வரப்பட்ட ஒரு பெண், டெனார். கல்லறைகளின் இருட்டுத் தெய்வங்களுக்குப் பூசாரியாக்கப்பட்டு, தன் பெயரையும் இழந்தவள். கெட் அவளுக்கு அவள் பெயரைத் திருப்பிக் கொடுக்கிறான். மூன்றாவது 1972-இல், 'தி ஃபார்தெஸ்ட் ஷோர்'. கோப் என்ற மந்திரவாதி சாகாவரத்துக்கு ஆசைப்பட்டு வாழ்வுக்கும் சாவுக்கும் நடுவே ஓர் ஓட்டை போட்டுவிடுகிறான். உலகத்தின் சாரம் அதன் வழியே வடிகிறது. லோர்பனெரி தீவில் தலைமுறை தலைமுறையாகப் பட்டுக்குச் சாயம் போட்டவர்களுக்குக் கைத்தொழில் மறந்துபோகிறது. பாடகர்களுக்குப் பாட்டு மறக்கிறது. டிராகன்கள் பேச்சிழக்கின்றன. இப்போது நடுவயதைக் கடந்த தலைமை மந்திரவாதியாக இருக்கும் கெட், இளவரசன் அர்ரெனோடு சாவின் நாட்டுக்கே போய், தன் சக்தி முழுவதையும் கொட்டி அந்த ஓட்டையை அடைக்கிறார். சாவு இருந்தால்தான் வாழ்வு என்பது மூன்றாம் நூலின் பாடம். மஞ்சள் புத்தகத்தில் தன் இறுதிச் சடங்குக்குக் குறிப்பெடுத்த தகப்பனின் மகள் எழுதியது.

இத்தோடு முடிந்தது என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அடுத்த நூல் வர பதினெட்டு ஆண்டுகள் ஆயின.

அந்த இடைவெளியில் உர்சுலாவை உறுத்தியது எது? ரோக் பள்ளியில் ஒரு பெண்கூட இல்லை. ஆசிரியர்களும் மாணவர்களும் ஆண்கள். கிராமத்துச் சூனியக்காரிகளின் வித்தை மட்டமானது, கெட்டது என்று பழமொழி போலச் சொல்லிக்கொண்டு போனது முதல் நாவல். உலகத்தின் சமநிலையைப் பற்றி வகுப்பெடுத்த பள்ளி, மனித குலத்தில் பாதியை வாசலிலேயே நிறுத்திவைத்திருந்தது. அதை எழுதியவர் ஒரு பெண். நான்காவது நூலை முன்பே தொடங்கி, டெனார் என்னவானாள் என்று தெரியாமல் நின்றுபோனதாகவும், பெண்ணியச் சிந்தனையோடு நீண்டகாலம் மல்லுக்கட்டிய பிறகே அதைத் தொடர முடிந்ததாகவும் பின்னாளில் ஆக்ஸ்ஃபோர்டில் ஆற்றிய உரையில் அவர் சொன்னார். புகழ்பெற்ற மூன்று நூல்களை எழுதி, விருதும் வாங்கிய ஒருவர், தான் கட்டிய வீட்டின் அடித்தளத்திலேயே கோணல் இருக்கிறது என்று ஒப்புக்கொள்வது சின்ன விஷயமா? பெரும்பாலானோர் அந்த வீட்டுக்கு வெள்ளையடித்துக்கொண்டே காலத்தை ஓட்டியிருப்பார்கள்.

1990-இல் வந்தது 'தெஹானு'. டெனார் இப்போது விவசாயி ஒருவரின் விதவை; பிள்ளைகள் வளர்ந்து பிரிந்துவிட்டார்கள். அவள் ஒரு குழந்தையை எடுத்து வளர்க்கிறாள். பெற்றவர்களும் கூட இருந்தவர்களும் சித்திரவதை செய்து நெருப்பில் தள்ளிவிட்ட பெண் குழந்தை. முகத்தில் ஒரு பாதி வெந்துபோயிருக்கிறது, ஒரு கண் இல்லை, ஒரு கை நகம்போல் சுருண்டிருக்கிறது. ஊரார் அவளைப் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள். சக்தி முழுவதையும் இழந்த கெட் ஒரு டிராகனின் முதுகில் வந்து இறங்குகிறார், வெட்கத்தில் கூனிக் குறுகி. தலைமை மந்திரவாதியாக இருந்தவருக்கு இனி ஆடு மேய்க்கத்தான் தெரியவேண்டும்.

இந்தக் குழந்தையின் முன்னால் சமநிலைக் கோட்பாடு என்ன பதில் சொல்லும்? கட்டாயம் ஏற்பட்டால் ஒழியச் செய்யாதே என்ற பாடம், மழையில் படுத்துக்கிடக்கும் முனிவருக்குப் பொருந்தும். எரிந்த குழந்தையின் கையைப் பிடித்துக்கொண்டு, அவளைத் தேடி மறுபடியும் வருகிற அந்த ஆண்களுக்கு அஞ்சிக் கதவைத் தாழிடுகிற பெண்ணுக்கு அது எந்த அளவுக்கு உதவும்? இந்த நூலைப் படித்தபோது பல பழைய வாசகர்களுக்குக் கோபம் வந்தது. தங்கள் எர்த்ஸீயைக் கெடுத்துவிட்டார் என்றார்கள். எனக்கு இந்த வரிசையிலேயே மிகவும் நெருக்கமான நூல் இதுதான். இதில் தத்துவம் சமையலறையில் நடக்கிறது. பாத்திரம் கழுவுவதும், வெந்த தோலுக்கு எண்ணெய் தடவுவதும், ஆட்டைத் தொழுவத்தில் அடைப்பதும் பக்கம் பக்கமாக வருகின்றன; உலகம் நிலைத்து நிற்க யாரோ தினமும் செய்யும் வேலைகள் இவை என்பது படிக்கப் படிக்க உறைக்கிறது. பெரிய மந்திரவாதிகள் எவருமே இந்த வேலைகளைச் சமநிலை என்ற கணக்கில் சேர்த்ததில்லை.

ஒரே ஒருவர் மட்டும் பார்த்துவிட்டார். அதே பழைய ஓகியன். நாவலின் தொடக்கத்தில் அவர் சாகக் கிடக்கிறார். எரிந்த குழந்தையைப் பார்த்துவிட்டு, இவளுக்கு எல்லாவற்றையும் கற்றுக்கொடு என்று டெனாரிடம் சொல்கிறார். இறக்கும்போது தன் மெய்ப்பெயரையும் அவளிடம் சொல்லிவிட்டுப் போகிறார். பிறகு வந்து சேரும் மந்திரவாதிகள், ஒரு பெண்ணிடம் அதைச் சொல்லியிருப்பாரா என்று நம்பவே மறுக்கிறார்கள்.

'தெஹானு'வின் அட்டையில் எர்த்ஸீயின் கடைசி நூல் என்று போட்டிருந்தது. அதுவும் தவறாகப் போயிற்று என்று உர்சுலாவே பின்னால் ஒப்புக்கொண்டார். 2001-இல் இரண்டு நூல்கள் வந்தன. ஒன்று சிறுகதைத் தொகுப்பு, 'டேல்ஸ் ஃப்ரம் எர்த்ஸீ'. அதில் முதல் கதை ரோக் பள்ளி பிறந்த விதத்தைச் சொல்கிறது. கொள்ளையரும் சிற்றரசரும் மந்திரவாதிகளை அடிமைகளாக வைத்திருந்த இருண்ட காலம். 'கை' என்ற இரகசியக் கூட்டமாக ஒருவரையொருவர் காப்பாற்றிக்கொண்டவர்கள் பெரும்பாலும் பெண்கள். ரோக் தீவில் எஞ்சியிருந்த அந்தப் பெண்களும், அடிமைத்தனத்திலிருந்து தப்பி வந்த ஓர் ஆணும் சேர்ந்துதான் பள்ளியைக் கட்டினார்கள். தலைமுறைகள் கழிந்து, தலைமை மந்திரவாதி என்ற பதவி உண்டான பிறகு பெண்களை வெளியேற்றினார்கள். பிறகு அவர்கள் கட்டியதையே மறந்தார்கள். அமைப்புகளின் வரலாற்றைப் படித்தவர்கள் யாருக்கும் இது புதிதாகத் தோன்றாது. தத்துவப் பள்ளிகள் தங்கள் தொடக்கத்தை எப்படித் திருத்தி எழுதிக்கொள்கின்றன என்பதற்கு இந்தக் கதையைவிடத் தெளிவான பாடத்தைக் கேட்டால் என்னால் சொல்ல முடியாது.

அடுத்தது 'தி அதர் விண்ட்'. முந்தைய நூல்களில் இறந்தவர்கள் போய்ச் சேரும் ஓர் இடம் வருகிறது. வறண்ட நிலம். நட்சத்திரங்கள் நகர்வதில்லை. இறந்த காதலர்கள் தெருவில் எதிர்ப்பட்டாலும் ஒருவரையொருவர் அறிவதில்லை. அதன் எல்லையில் தாழ்வான கற்சுவர். மூன்றாம் நூலில் இது சாவின் இயற்கையான வீடு என்று நாமும் நம்பினோம். இப்போது ஆல்டர் என்ற ஒரு சாதாரண வித்தைக்காரர் வருகிறார். உடைந்த பானைகளை ஒட்டவைப்பது அவர் தொழில். இறந்துபோன மனைவி அந்தச் சுவருக்கு அப்பாலிருந்து கனவில் அவரைக் கூப்பிடுகிறாள், எங்களை விடுவியுங்கள் என்று இறந்தவர்கள் கூட்டமாகக் கேட்கிறார்கள்.

இந்த இடத்தில் உர்சுலா தொடுவது தன் தத்துவத்தின் வேரை. ஆதியில் மனிதர்களும் டிராகன்களும் ஒரே இனம். பிரிந்தபோது டிராகன்கள் விடுதலையை எடுத்துக்கொண்டன. மனிதர்கள் உடைமையையும் கைத்தொழிலையும் எடுத்துக்கொண்டார்கள், ஆதிமொழியை விட்டுக்கொடுப்பதாக ஒப்பந்தம். ஆனால் மந்திரவாதிகள் மொழியைக் கைவிடவில்லை. பெயரிடும் அதே கலையைக் கொண்டு, டிராகன்களின் மேற்குத் திசையில் ஒரு பங்கைத் திருடி வேலியிட்டு, தங்கள் ஆன்மா அழியாமல் இருக்க அதை மறுமையாக்கிக்கொண்டார்கள். வறண்ட நிலம் அப்படி வந்ததுதான். கோப் செய்த குற்றத்தை ரோக்கின் முன்னோர்கள் முன்பே செய்திருந்தார்கள். சமநிலையைக் காத்தவர்கள் அதன் மிகப் பெரிய மீறலின்மேல் உட்கார்ந்துகொண்டு பாடம் நடத்தியிருக்கிறார்கள்.

இதை நினைவில் வைத்திருந்தவர்கள் யார்? காட்டுமிராண்டிகள் என்று மற்றத் தீவுகள் ஒதுக்கிய கார்காட் மக்கள். அவர்களுக்கு மெய்ப்பெயர் வழக்கமே கிடையாது. அதனால் இறந்ததும் அவர்கள் வறண்ட நிலத்துக்குப் போவதில்லை. மண்ணோடும் மிருகங்களோடும் கலந்து மறுபடி பிறக்கிறார்கள். முதல் நாவலில் கொள்ளையராக வந்தவர்களின் நம்பிக்கைதான் சரியாக இருந்தது என்று முப்பத்து மூன்று ஆண்டுகளுக்குப் பிறகு அதே ஆசிரியர் எழுதுகிறார். கூழாங்கல்லின் மெய்ப்பெயரில் தொடங்கிய மரபு, மெய்ப்பெயரே ஒரு சிறையாகவும் ஆனது என்ற இடத்துக்கு வந்து நிற்கிறது.

சுவரை இடிக்கிறார்கள். முதல் கல்லைப் பிடித்து இழுப்பவர்களில் பானை ஒட்டும் ஆல்டரும் இருக்கிறார், வாழ்நாளெல்லாம் உடைந்ததைச் சேர்த்த கையால். எரிந்த குழந்தையாக இருந்த தெஹானு அங்கே டிராகனாகிப் பறக்கிறாள். இறந்தவர்கள் சுவரைத் தாண்டி வெளியே வருகிறார்கள், வெயிலில் தூசுபோலக் கலந்து மறைகிறார்கள். டெனார் கோன்ட் தீவுக்குத் திரும்புகிறாள். கெட் வீட்டைப் பார்த்துக்கொண்டு அவளுக்காகக் காத்திருக்கிறார்.

இந்த நூல்களுக்கு நடுவே, 1997-இல், உர்சுலா தன் 'தாவோ தே ஜிங்' ஆங்கில வடிவத்தை வெளியிட்டார். அவருக்குச் சீனம் தெரியாது. அப்பாவின் காரஸ் பதிப்பில் ஒவ்வொரு சீன எழுத்துக்கும் கொடுத்திருந்த பொருளைப் பிடித்துக்கொண்டு, சீன அறிஞர் ஜே. பி. சீட்டனின் துணையோடு செய்தது. எண்பத்தொரு அத்தியாயங்கள். இருபதுகளில் சிலவற்றைத் தொடங்கியவர், பத்தாண்டுக்கு ஒருமுறை இன்னும் கொஞ்சம் என்று செய்து, அறுபதுகளின் பிற்பகுதியில் முடித்தார்.

2018 ஜனவரி 22-ஆம் தேதி போர்ட்லண்ட் நகரில் தன் எண்பத்தெட்டாம் வயதில் அவர் இறந்தார். அந்தக் கோடையில் 'தி பாரிஸ் ரிவ்யூ' இதழில் ஒரு சிறுகதை வந்தது, 'ஃபயர்லைட்'. கெட் கிழவராகப் படுக்கையில் கிடக்கிறார். கணப்படுப்பின் வெளிச்சத்தில் டெனார் பக்கத்தில் இருக்கிறாள். அவர் நினைவில் பழைய கடல்கள் வருகின்றன, பழைய படகு வருகிறது. வறண்ட நிலம் இனி இல்லை. படகை அவிழ்த்துவிட்டு மேற்கு நோக்கிப் போகிறார்.

(தொடரும்)